கீழே எழுத்து வரக் கூடாது

‘எல்லோருக்கும் புரிய வேண்டும்’ என்று யாராவது உங்களிடம் சொன்னால் உடனே தலையாட்டிவிடாதீர்கள். அந்த எல்லோரும் யார் யார் என்று கேளுங்கள். பதில் வருகிறதா பாருங்கள். லண்டனில் நான் படம் எடுத்த இத்தனை வருடங்களில் அந்த வாசகத்தை எத்தனையோ அறைகளில், எத்தனையோ நல்ல மனிதர்களின் வாயால் கேட்டிருக்கிறேன். ஒரு தடவைகூட அந்த எல்லோருக்குள் என் படத்தில் பேசிய பெண் இருந்ததில்லை.

நான் கோபக்காரி என்று உங்களுக்கு ஏற்கெனவே சொல்லியிருப்பார்கள். உண்மைதான். கண் பார்வை மங்கிய பிறகு படம் எடுப்பதை விட்டுவிட்டேன். இந்தக் கோபத்தை விட மனம் வரவில்லை. நீங்கள் இப்போதுதான் இந்தத் தொழிலுக்குள் வந்திருக்கிறீர்கள். கமெரா, லென்ஸ், எடிட்டிங் எல்லாம் உங்களுக்கு என்னைவிட நன்றாகத் தெரியும். அதைப் பற்றி நான் ஒன்றும் சொல்லப்போவதில்லை. ஒரு மண்டபத்தில் உங்கள் படம் ஓடிக்கொண்டிருக்கும்போது, அதில் பேசியவருக்கு அநியாயம் நடக்கிறது என்று கண்டால் என்ன செய்வீர்கள்? அதைப் பற்றித்தான் பேச வந்தேன்.

என் படங்களைப் பரிசோதனைப் படங்கள் என்பார்கள். கதை இருக்காது, பாட்டு இருக்காது. கல்யாண வீடுகளில் சொந்தக்காரர் கேட்பார்கள், “உம்மடை படம் எப்ப பிள்ளை தியேட்டருக்கு வரும்?” என்று. வராது என்பேன். “அப்ப என்னத்துக்கு எடுக்கிறீர்?” என்பார்கள். அந்தக் கேள்வி எனக்குக் கோபம் தந்ததே இல்லை. நியாயமான கேள்வி.

எனக்கு வேலை பழக்கியவர் ஒரு ஒலிப்பதிவாளர், வேல்ஸ் நாட்டுக்காரர். பெயர் வேண்டாம், அவருக்கு அது பிடிக்காது. ஒரு தொலைக்காட்சி நிகழ்ச்சிக்காக ஒரு சோமாலியத் தாயைப் பேட்டி எடுக்கப் போயிருந்தோம். நான் அப்போது உதவியாளர். பேசிக்கொண்டிருந்த பெண் அழத் தொடங்கினாள். தயாரிப்பாளர் குனிந்து, “நிறுத்தாதே, இதுதான் நமக்கு வேண்டும்” என்று ஒலிப்பதிவாளரின் காதில் சொன்னார். இவர் கருவியைப் பார்த்தார், உதட்டைப் பிதுக்கினார், “பாட்டரி போய்விட்டது” என்றார். புதுப் பாட்டரி வண்டியில் இருக்கிறது என்று இறங்கிப் போய், அந்தப் பெண் முகம் கழுவித் தேநீர் போட்டு முடிக்கும்வரை வரவேயில்லை. திரும்பும் வழியில், உண்மையிலேயே போய்விட்டதா என்று கேட்டேன். “இல்லை” என்றார். நான் படித்த பள்ளிக்கூடத்தில் இதைச் சொல்லித் தரவில்லை.

இனி என் கடைசிப் படத்துக்கு வருகிறேன்.

செல்வராணியைக் கிழக்கு லண்டனில் மனோர் பார்க் கோயிலில் அன்னதான வரிசையில் சந்தித்தேன். ஐம்பது வயதிருக்கும். குட்மேய்ஸில் வீடு. முதியோர் இல்லமொன்றில் பராமரிப்பாளராகச் சேர்ந்து, இப்போது ஒரு ஷிப்டுக்கே பொறுப்பாக இருக்கிறாள். வன்னியிலிருந்து வந்தவள். கணவர் போரின் கடைசி நாட்களில் காணாமல் ஆக்கப்பட்டவர். கையின் வேலையும் குரலும் மட்டும் வரும் ஒரு படம் எடுக்க நினைத்திருக்கிறேன் என்றேன். முகம் வராது, நீ எதைக் கதைக்க விரும்புகிறாயோ அதைக் கதைக்கலாம் என்றேன். யோசித்துச் சொல்கிறேன் என்று போனவள், சில வாரங்கள் கழித்து வீட்டுக்கு வரச் சொன்னாள்.

“அக்கா, நான் தமிழிலைதான் சொல்லுவன்” என்றாள். “கீழை இங்கிலீசு எழுத்து வரக் கூடாது. ஓமெண்டால் படத்தை எடுங்கோ. இல்லையெண்டால் தேத்தண்ணியைக் குடிச்சிட்டுப் போங்கோ.”

ஏன் என்று கேட்டேன்.

“என்ரை கதையை இங்கிலீசிலை ஒருக்காச் சொல்லி முடிச்சிட்டன் அக்கா. அகதி விண்ணப்பத்துக்கு. நான் தமிழிலை சொல்ல, பக்கத்திலை இருந்தவர் இங்கிலீசிலை சொன்னவர். நான் சொன்னது ஒண்டு, அங்கை போனது இன்னொண்டு.”

என்ன நடந்தது என்பதை அவள் அன்றுதான் எனக்குச் சொன்னாள். கணவருக்குக் காலில் காயம். இராணுவத்திடம் பெயர் கொடுத்தவர்களை விசாரித்துவிட்டு விடுவார்கள் என்று எல்லோரும் சொன்னார்கள். அவரைத் தோளில் தாங்கிக்கொண்டு இராணுவம் பெயர் பதிந்த இடத்துக்குக் கூட்டிப் போனது இவள்தான். உள்ளே போனவர் திரும்பவில்லை. அதைத்தான் அந்த அறையில், “நான்தான் கொண்டுபோய் விட்டனான்” என்று சொன்னாள். உங்களில் யாழ்ப்பாணத் தமிழ் பேசுகிறவர்களுக்கு இது உடனே விளங்கும். கொண்டுபோய்ச் சேர்த்தேன் என்பதுதான் பொருள். மொழிபெயர்த்தவருக்கு அந்தப் பேச்சு பழக்கமில்லை. கணவனை விட்டுவிட்டேன், விலகிவிட்டேன் என்று சொல்லிவிட்டார். முதலில் கணவன் காணாமற்போனதாகச் சொன்னாய், இப்போது நீயே விட்டுவிட்டதாகச் சொல்கிறாய், எது உண்மை என்று அதிகாரி கேட்டாராம். விண்ணப்பம் நிராகரிக்கப்பட்டது. மேன்முறையீட்டில் வெல்லும்வரை அவள் வருடக்கணக்கில் இழுபட்டாள்.

“இப்ப வேலை செய்யிற இடத்திலை எனக்கொரு மரியாதை இருக்கு” என்றாள். “என்னைக் கண்டவுடனை தலையைச் சரிச்சு, பாவம் எண்டு பாக்கிற ஆக்கள் அங்கை இல்லை. எனக்கு அது போதும். ஆனால் ஒருக்கா வாய்விட்டுக் கதைக்கவேணும். தமிழ் தெரிஞ்சவை கேக்கட்டும். தெரியாதவை சும்மா இருந்து சத்தத்தைக் கேக்கட்டும். நான் எத்தினை வருசம் அவையின்ரை ஒபீசுகளிலை அப்பிடி இருந்தனான்!”

தேத்தண்ணியைக் குடித்துவிட்டுப் படத்தை எடுத்தேன். ஒரே ஷாட். அவள் தன் வேலை உடுப்பை அயர்ன் பண்ணுகிறாள், பேசுகிறாள். கை தெரிகிறது, துணி தெரிகிறது, ஆவி எழும்புகிறது. அவ்வளவுதான். என் வாழ்நாளில் நான் எடுத்தவற்றில் எனக்குப் பிடித்த படம் அது.

கிழக்கு லண்டனில் ஒரு கலைக்கூடம் அதைத் திரையிடக் கேட்டது. பெயர் சொல்லமாட்டேன், சொன்னால் அவர்களுக்குத்தான் விளம்பரம். கண்காட்சி அமைப்பாளர் ஓர் இளம்பெண், மிகவும் பண்பானவர். ஆங்கில சப்டைட்டில் கிடையாது என்பது இந்தப் படத்தின் ஒரு பகுதி, பேசியவரின் நிபந்தனை என்று முதல் சந்திப்பிலேயே சொன்னேன். காது கேளாதவர்கள் என்ன செய்வார்கள் என்று கேட்டார். நல்ல கேள்வி. தமிழ் தெரிந்த, காது கேளாத ஒருவர் வந்தால் வாசிக்கட்டும் என்று தமிழிலேயே எழுத்துப் போட்ட ஒரு பிரதியும் செய்து கொடுத்தேன். செல்வராணியிடம் கேட்டுத்தான் செய்தேன். அமைப்பாளர் கையை நெஞ்சில் வைத்து, “எனக்கு முழுமையாகப் புரிகிறது” என்றார்.

திறப்பு ஒரு சனிக்கிழமை பிற்பகல். செல்வராணி நீலச் சேலையில் வந்திருந்தாள். கூட வேலை செய்யும் ஆக்னஸையும் அழைத்து வந்திருந்தாள். ஆக்னஸ் கானா நாட்டுக்காரி. “என் கை நடித்த படம் பார்க்க வா என்று கூப்பிட்டாள், அதுதான் வந்தேன்” என்று என்னிடம் சிரித்தாள். முன்வரிசையில் எங்கள் தமிழ்ச் சங்கமொன்றின் பெரியவர் கோட்டுப் போட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தார். மற்றவர்கள் பெரும்பாலும் வெள்ளைக்காரர்கள், கையில் வைன் கிளாசுடன்.

விளக்கு அணைந்தது. அயர்ன் பெட்டி துணியில் இறங்கும் சத்தம். செல்வராணியின் குரல். கூடவே, திரையின் அடியில், ஆங்கிலத்தில் ஒரு வரி.

தவறுதலாக வந்துவிட்டது என்றுதான் முதலில் நினைத்தேன். இரண்டாவது வரி வந்தது. மூன்றாவது வந்தது. பக்கத்தில் செல்வராணியைப் பார்த்தேன். அவள் ஆங்கிலம் நன்றாக வாசிப்பாள். கைப்பையை மடியில் இறுக்கிப் பிடித்துக்கொண்டு, நேராகத் திரையைப் பார்த்தபடி இருந்தாள்.

எழுந்து, குனிந்தபடி பின்னால் நின்ற அமைப்பாளரிடம் போனேன். “இது என்ன? நிறுத்துங்கள்” என்றேன்.

“எங்கள் பார்வையாளர் எல்லோருக்கும் புரிய வேண்டும் என்று கலைக்கூடத்தின் இயக்குநர் விரும்பினார்” என்று கிசுகிசுத்தார். “மென்பொருளில் போட்டு எடுத்தோம். தமிழ் தெரிந்த ஒருவர் சரிபார்த்தார். மிக நன்றாக வந்திருக்கிறது.”

“எனக்கு ஏன் சொல்லவில்லை?”

“நீங்கள் பார்த்தால் சந்தோஷப்படுவீர்கள் என்று நினைத்தோம்.”

சந்தோஷப்படுவேனாம். ஒரு பெண் தன் வாயால் வேண்டாம் என்று சொன்னதை, அவளுக்கே பரிசாகச் செய்து கொடுக்கிறார்களாம்.

“உடனே நிறுத்துங்கள்.”

“படம் முடியட்டும், பேசலாம். படத்தை ஓட்டும் கணினி பூட்டிய அலுமாரிக்குள் இருக்கிறது. தொழில்நுட்பக்காரர் இப்போதுதான் வெளியே போனார்.”

அப்போது அந்த வரி வந்தது. செல்வராணியின் குரல், “நான்தான் கொண்டுபோய் விட்டனான்” என்றது. அடியில் ஆங்கிலத்தில், வெள்ளை எழுத்தில், நான் என் கணவனை விட்டுவிட்டேன் என்று இருந்தது. விசாரணை அறையில் அன்று சொல்லப்பட்ட அதே பொய். அன்று அதைக் கேட்டது ஓர் அதிகாரி. இன்று ஒரு மண்டபம் முழுக்க வாசித்தது. முன்னால் யாரோ பரிதாபமாக உச்சுக் கொட்டினார்கள். ஆக்னஸ் திரும்பிச் செல்வராணியைப் பார்த்தாள்.

இந்த இடத்தில் நான் என்ன யோசித்தேன் என்பதைச் சொல்ல வேண்டும். கத்தலாம். கத்தினால் எல்லோரும் திரும்பி, இவள் யாருக்காகக் கத்துகிறாள் என்று தேடுவார்கள். படத்தில் முகமே இல்லை. அந்தக் குரலுக்குரியவள் நீலச் சேலையில் இங்கே இருக்கிறாள் என்பது எங்கள் சிலருக்குத்தான் தெரியும். அதை நானே காட்டிக் கொடுக்கக் கூடாது. விளக்கைப் போட்டாலும் அதே கதைதான், வெளிச்சம் அவள் முகத்தில் விழும். திரைக்கு முன்னால் போய் நின்றால் நானும் ஒரு காட்சியாகிவிடுவேன். பேசாமல் இருந்தால், அடுத்து வரப்போகும் வரிகளில் அந்தப் பெயர் பதிந்த இடத்தில் நடந்தது முழுக்க வரும்.

புரொஜெக்டர் மட்டும் வெளியே, பின்சுவரில் ஒரு தட்டில் இருந்தது. காவலாளியின் நாற்காலியை இழுத்துப் போட்டு ஏறினேன். என் சால்வையை மடித்து வெளிச்சத்துக்குக் குறுக்கே பிடித்தேன். சூடு பட்டுவிடாமல் சற்றுத் தள்ளித்தான் பிடிக்க வேண்டியிருந்தது. திரை இருண்டது.

குரல் நிற்கவில்லை. ஒலி வேறு பெட்டியிலிருந்து வந்துகொண்டிருந்தது. அந்த இருட்டில் செல்வராணி தமிழில் பேசிக்கொண்டே போனாள். அயர்ன் பெட்டி மூச்சு விட்டது. அமைப்பாளர் என் சேலைத் தலைப்பைப் பிடித்து, “இறங்குங்கள், தயவுசெய்து இறங்குங்கள்” என்றார். நான் அசையவில்லை. தோள்மூட்டு கெஞ்சியது. கையை மாற்றி மாற்றிப் பிடித்தேன். படம் முடியும்வரை இறங்கவில்லை.

விளக்கு வந்தபோது செல்வராணியின் நாற்காலி காலியாக இருந்தது. ஆக்னஸும் இல்லை.

பிறகு நடந்ததைக் கேளுங்கள். ஜனங்கள் கைதட்டினார்கள். கைதட்டினார்கள்! வட்டக் கண்ணாடி போட்ட ஒரு விமர்சகர் நேரே என்னிடம் வந்து, “அந்த இருள் மிகத் துணிச்சலான தேர்வு” என்றார். படத்தின் வடிவம் அப்படித்தான் என்று அவர் நினைத்துக்கொண்டார். அது தேர்வு அல்ல, உங்கள் ஆட்கள் செய்த திருட்டை என் சால்வையால் மறைத்தேன் என்றேன். அவர் அதையும் ஒரு கருத்தாக எடுத்துக்கொண்டு தலையாட்டினார்.

சங்கத்துப் பெரியவர் வாசலில் பிடித்துக்கொண்டார். “என்ன பிள்ளை செய்தனீர்? வெள்ளைக்காரர் வந்திருந்து எங்கடை அவலத்தை வாசிக்கிற நேரத்திலை மூடிப்போட்டீரே! இப்பிடியொரு சந்தர்ப்பம் இனி எப்ப கிடைக்கும்?”

“அது அந்தப் பிள்ளையின்ரை அவலம் ஐயா. அவவைக் கேட்டனீங்களோ?”

“இதெல்லாம் தனிப்பட்ட விசயமே? இனத்தின்ரை விசயம்.”

அங்கே எல்லோருக்கும் புரிய வேண்டும். இங்கே இனத்தின் விசயம். இரண்டு பக்கத்தாரும் ஒரே கையைத்தான் நீட்டினார்கள். அந்தக் கைக்குச் செல்வராணி வேண்டியிருக்கவில்லை, அவள் கதை மட்டும்தான் வேண்டியிருந்தது. உங்களுக்கு முதல் எச்சரிக்கையே இதுதான். உங்களை அவமதிப்பவர்கள் எப்போதும் மற்றப் பக்கத்திலிருந்துதான் வருவார்கள் என்று நம்பாதீர்கள்.

அடுத்த வாரம் கலைக்கூடத்தின் இயக்குநர் என்னைக் கூப்பிட்டார். தவறு நடந்துவிட்டது, அந்த ஒரு வரியைத் திருத்திவிடுகிறோம், மற்றவை அப்படியே இருக்கட்டும் என்றார். ஒரு வரி! பிறகு கண்களில் ஒளி வர, அந்தப் பெண்ணையே மேடைக்கு அழைத்து, ஒரு மொழிபெயர்ப்பாளரைப் பக்கத்தில் இருத்தி, ஓர் உரையாடல் நடத்தினால் எப்படியிருக்கும் என்று கேட்டார். அவர் கெட்ட மனிதர் அல்ல. அதனால்தான் எனக்குக் கோபம் கூடுகிறது. கெட்டவனுக்குத் தான் செய்வது என்னவென்று தெரியும்.

படத்தைத் திரும்ப வாங்கிக்கொண்டேன். சப்டைட்டில் போட்ட பிரதியை என் கண்முன்னால் அழிக்கச் சொன்னேன். அழித்தார்கள். அதற்குப் பிறகு அந்தக் கூடம் என்னைக் கூப்பிடவில்லை. அவர்களுடைய சிநேகிதர்கள் நடத்தும் இடங்களும் கூப்பிடவில்லை. சேர்ந்து வேலை செய்யக் கடினமானவர் என்று பெயர் வந்தது. வரட்டும். அந்தப் பெயரோடு ஸ்ட்ரெதமில் என் வீட்டில் சுகமாகத்தான் இருக்கிறேன்.

ஆனால் செல்வராணி என் அழைப்பை எடுக்கவில்லை. வீட்டுக்குப் போகவும் எனக்குத் துணிவில்லை. நான் அவளுக்கு வாக்குக் கொடுத்தவள். என்னை நம்பித்தான் வந்து உட்கார்ந்தாள். கையில் சால்வை இருந்தது என்பதற்காக அவள் எனக்கு நன்றி சொல்ல வேண்டுமா என்ன?

கோடையில் ஒரு நாள் அவளே ஃபோன் எடுத்தாள். “அக்கா, அந்தப் படம் உங்களிட்டை இருக்கே?”

“இருக்கு. வேறை ஒருத்தரிட்டையும் இல்லை.”

“கொண்டு எங்கடை ஹோமுக்கு வாங்கோ. புதன்கிழமை பின்னேரம். எழுத்தில்லாத படம்தானே?”

போனேன். முதியோர் இல்லத்தின் பெரிய கூடம். ஜன்னல் ஓரமாகச் சாய்வு நாற்காலிகளில் கிழவர்களும் கிழவிகளும் இருந்தார்கள். சிலருக்கு ஞாபகம் போய்விட்டது. தொலைக்காட்சியில் படத்தைப் போட்டுவிட்டு, செல்வராணி சீருடையோடு சுவரில் சாய்ந்து நின்றாள். ஆக்னஸ் ஒரு கிழவிக்குத் தேநீரை ஊட்டிக்கொண்டிருந்தாள்.

ஒருவரும் பேசவில்லை என்று சொல்லமாட்டேன். ஒரு கிழவர் குறட்டை விட்டார். ஒரு கிழவி, “சட்டைக் கைக்கு முன்னால் காலரை அயர்ன் பண்ண வேண்டும், இவள் சரியாகத்தான் செய்கிறாள்” என்று சத்தமாகப் பாராட்டினாள். இன்னொரு கிழவர், முன்பு பேருந்து ஓட்டியவராம், திரும்பிச் செல்வராணியிடம் கேட்டார், “இது உன் குரல்தானே? என்ன சொல்கிறாய்?”

“அதை நான் சொல்லமாட்டேன், ஜார்ஜ்” என்றாள் அவள் ஆங்கிலத்தில்.

“சரி” என்றார் அவர். கையைத் தலைக்குப் பின்னால் கோத்துக்கொண்டு, முடியும்வரை கேட்டார்.

எனக்கு அழுகை வந்தது, ஆத்திரமும் வந்தது. படித்த மண்டபம் ஒன்றால் கொடுக்க முடியாமற்போன மரியாதையை அவர் ஒரு சொல்லில் கொடுத்துவிட்டார். அதற்கு அவருக்கு ஒரு கொள்கையும் தேவைப்படவில்லை.

புறப்படும்போது மூவரும் சமையலறை வாசலில் நின்றோம். ஆக்னஸ் கோப்பைகளைத் தட்டில் அடுக்கிக்கொண்டே, செல்வராணியைப் பாராமல் கேட்டாள்.

“அன்றைக்குத் திரையில் எழுதியிருந்ததே. உன் கணவரைப் பற்றி. அது உண்மையா?”

“இல்லை” என்றாள் செல்வராணி.

ஆக்னஸ் கடைசிக் கோப்பையை மெதுவாக அடுக்கினாள், இன்னும் ஏதாவது வருமோ என்று. வரவில்லை. “இருக்காது என்றுதான் நினைத்தேன்” என்று சொல்லித் தட்டைத் தூக்கிக்கொண்டு உள்ளே போனாள்.